சிரிப்பு ஷாட்

முனிரத்தினம் நாற்பத்தோரு தடவை செத்திருக்கிறார். எண்ணி வைத்திருப்பவள் அவர் மனைவி செல்லாயி. தூக்கில் தொங்கியது ஐந்து, கிணற்றில் மிதந்தது நான்கு, லாரியில் அடிபட்டது மூன்று, பூச்சிமருந்து குடித்தது இரண்டு. மற்றதெல்லாம் வெட்டும் குத்தும். ஒரு தடவைகூட வயசாகிக் கட்டிலில் படுத்து, பிள்ளைகள் சுற்றி நின்று பால் ஊற்ற, நிதானமாகச் சாகிற வாய்ப்பு அவருக்குக் கிடைக்கவில்லை. அந்த மாதிரிச் சாவெல்லாம் சிவப்புத் தோல் அப்பாக்களுக்கு. முனிரத்தினத்துக்கு அடிவாங்குகிற முகம் என்று இருபத்தாறு வருஷத்துக்கு முன்னால் எவனோ ஒரு டைரக்டர் சொல்லிவிட்டுப் போனான். அதையே மற்றவர்களும் பிடித்துக்கொண்டார்கள். படத்தில் அவர் குடிசையில் இருப்பார், நல்லவராக இருப்பார், ஹீரோவுக்கு ஒரு சொம்பு தண்ணீர் கொடுப்பார், நாலாவது சீனில் செத்துக் கிடப்பார். அவர் செத்தால்தான் ஹீரோவுக்குக் கோபம் வரும்.

"உன் சாவு அவனுங்களுக்கு இன்டர்வெல்லுப்பா" என்று மகள் ஷாரோன் ஒருநாள் சாப்பிடும்போது சொன்னாள். அந்தக் குடும்பத்தில் முதல் டிகிரி அவளுடையது. ஒரகடத்தில் ஒரு கம்பெனி ஆபீசில் வேலை பார்க்கிறாள், வாயை அடக்கத் தெரியாது. முனிரத்தினம் சோற்றைப் பிசைந்துகொண்டே கொஞ்சம் யோசித்துப் பார்த்துவிட்டு, ஆமாம் என்று தலையாட்டினார்.

உத்திரமேரூரிலிருந்து ஏழு கிலோமீட்டர் உள்ளே தள்ளி அவர்கள் ஊர். ஊர் ஒரு பக்கம், காலனி ஒரு பக்கம், நடுவில் ஏரிக்கரை. முனிரத்தினத்தின் அப்பா பச்சமுத்து அந்த ஏரிக்கு மதகு திறந்தவர். தண்ணீருக்கு அடியில் முங்கி, மதகுக் கண்ணில் அடைத்திருக்கிற சேற்றையும் செத்தையையும் கையால் வாரிப் போட்டுவிட்டு, கட்டையை நகர்த்திவிட்டு மேலே வரவேண்டும். அதற்கு மூச்சு வேண்டும். மகனையும் சின்ன வயதிலிருந்தே கூட முங்க வைத்தார். ஊர்க்காரர்கள் வயலுக்குப் பாய்ந்த தண்ணீர் பூராவும் காலனிக்காரர்களின் மூச்சில் பாய்ந்த தண்ணீர்தான். அதை எந்தக் கல்வெட்டிலும் எவனும் வெட்டி வைக்கவில்லை.

அந்த மூச்சுதான் முனிரத்தினத்தை நடிகர் ஆக்கியது. சென்னையில் ஷூட்டிங் லைட் தூக்குகிற வேலைக்குப் போயிருந்தார். ஒரு படத்தில் பிணமாகப் படுத்திருந்தவனுக்கு வயிறு ஏறி ஏறி இறங்கியது. ஏழு டேக் போயிற்று. டைரக்டர் கத்திய கத்தலில் செட்டே நடுங்கியபோது, லைட்டைப் பிடித்துக்கொண்டிருந்த முனிரத்தினம், நான் படுக்கட்டுமா சார் என்று கேட்டார். படுத்தார். ஒன்றரை நிமிஷம் ஒரு மயிர்கூட அசையவில்லை. காமிராமேன் பயந்துபோய்க் கிட்டே வந்து பார்த்தானாம். அன்றைக்கு ஆரம்பித்தது.

சாவு சீனில் நடிப்பவர்களுக்கு சினிமாவில் ஒரு வழக்கம் இருக்கிறது. சீன் முடிந்ததும் காமிராவை நிறுத்தமாட்டார்கள். செத்தவர் அங்கேயே எழுந்து உட்கார்ந்து காமிராவைப் பார்த்து ஒரு சிரிப்புச் சிரிக்கவேண்டும். அது படத்தில் வராது. சாவு நடிப்போடு போகட்டும், ஆளையும் இடத்தையும் பிடித்துக்கொள்ளக் கூடாது என்பதற்காக எடுக்கிற ஷாட். சிரிப்பு ஷாட் என்பார்கள். பெரிய நடிகர்களுக்கு அதோடு பூசணிக்காய் சுற்றுவதும் உண்டு. முனிரத்தினத்துக்குச் சிரிப்பு மட்டும்.

கல்யாணமான புதிதில் இதைக் கேட்ட நாளிலிருந்து செல்லாயிக்கு அந்தச் சிரிப்பின்மேல் தனிப் பிடிப்பு. ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குப் போய் முழங்கால் போடுகிறவள்தான். ஆனால் ஜெபம் ஒரு பக்கம், சிரிப்பு ஒரு பக்கம், இரண்டில் எதையும் விடமாட்டாள். சாவு சீன் இருக்கிற நாளில் அவளுக்குச் சோறு இறங்காது. சாயங்காலம் போன் வரும். அவர் வேறு எதுவும் பேசமாட்டார். "சிரிச்சிட்டன்" என்பார். அவள் "சரி" என்பாள். அப்புறம்தான் உலை வைப்பாள்.

அந்தக் காலத்தில் அவளைச் சீண்டுவதற்காக வீட்டிலும் மூச்சை அடக்கிக்கொண்டு பாயில் கிடப்பார். அவள் மூக்கில் கைவைத்துப் பார்ப்பாள், உலுக்குவாள், அழ ஆரம்பித்ததும் கண்ணைத் திறப்பார். ஒருதரம் துடைப்பத்தாலேயே வாங்கினார். அதற்குப் பிறகு வீட்டில் சாவதில்லை.

போன மாசி மாதம் ஜெகன் வந்தான். ஒரு வெப் சீரிஸில் அசிஸ்டென்ட் டைரக்டர். முனிரத்தினத்தைப் பல வருஷமாகத் தெரிந்தவன், நல்ல பையன். எட்டு எபிசோட், பண்ணையார் வீட்டுக் கொலை ஒன்றைப் பற்றிய கதை, பூராவும் உங்கள் ஊர்ப் பக்கம்தான் எடுக்கப்போகிறோம் என்றான். பிறகு, பரிசு கொடுக்கிறவனைப் போலச் சொன்னான்:

"அண்ணே, இதுல நீங்க சாவறதில்ல. கடைசி எபிசோட்ல கோர்ட்ல வந்து சாட்சி சொல்றீங்க. ஆறு நிமிஷம். ஒரே ஷாட்டு."

ஆறு பக்க வசனம். முனிரத்தினம் அதுவரை பேசிய மொத்த வசனத்தையும் சேர்த்தாலும் ஆறு பக்கம் வராது. ஐயா, சாமி, விட்ருங்க, என் பொண்ணு, அவ்வளவுதான் பேசியிருக்கிறார். காகிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ஏரிக்கரையில் நடந்து நடந்து மனப்பாடம் செய்தார். 'நான் பாத்தன்யா. என் ரெண்டு கண்ணால பாத்தன்' என்று ஆரம்பிக்கும் அந்த வசனம். கேட்டுக் கேட்டுச் செல்லாயிக்கும் பாடமாகிவிட்டது. நூறு நாள் வேலையில் ஏரி தூர் வாரும்போது, இந்தப் படத்தில் எங்கள் வீட்டுக்காரர் சாவதில்லை என்று எல்லோரிடமும் சொன்னாள். கூட வேலை செய்கிற ஜெனிஃபர், அப்போ யாருடி சாவறது, படம் எப்படி ஓடும் என்று கேட்டாள். மண்வெட்டியைப் போட்டுவிட்டு எல்லோரும் சிரித்தார்கள்.

ஷூட்டிங் ஆரம்பித்து ஒரு வாரம் ஆனபோது, ஒரு சனிக்கிழமை ஜெகன் மறுபடி வீட்டுக்கு வந்தான். பிளாஸ்டிக் நாற்காலியில் நுனியில் உட்கார்ந்தான். செல்லாயி கொடுத்த டீயைக் குடிக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தான். கதையில் சின்ன மாற்றம் என்றான். அஞ்சாவது எபிசோடில் ஹீரோவைத் தூக்கிக் காட்ட ஒரு சீன் வேண்டுமாம். அதனால் முனிரத்தினம் அங்கேயே இறந்துவிடுகிறார். சாட்சியை ஹீரோவே சொல்லிக்கொள்வார்.

"அவரு இன்னாத்த பாத்தாராம் சாட்சி சொல்ல?" என்று கேட்டாள் ஷாரோன்.

முனிரத்தினம் சட்டைப் பையிலிருந்த காகிதத்தை எடுத்து, மடிப்பைப் பிரிக்காமல் அவனிடம் நீட்டினார். எங்கே வைத்து எடுக்கிறார்கள் என்று மட்டும் கேட்டார்.

"தினகரன் சார் வூட்டு வாசல்லண்ணே. நாளைக்கி."

முனிரத்தினத்தின் முகத்தைச் செல்லாயி பார்த்தாள். அதில் எதுவும் இல்லை. எதுவும் இல்லாமல் முகத்தை வைத்துக்கொள்வது அவருடைய தொழில்.

தினகரன் வீடு என்றால் ஊரில் பெரிய வீடு. முன்னால் கல் படி மூன்று, அதற்கு முன்னால் நெல் காயப்போடுகிற அகலத்துக்கு வாசல், சுற்றி மதில். தினகரனின் அப்பா ராஜாராம் இருந்த காலத்தில் ஏரித் தண்ணீர் யாருக்கு முதலில் என்பதை அந்தப் படியில் உட்கார்ந்துதான் முடிவு செய்தார்கள். ஒரு வருஷம் தண்ணீர் குறைவு. ராஜாராம் சொன்ன முறையை விட்டுவிட்டு, காய்ந்துகொண்டிருந்த ஒரு ஏழைக் குடியானவனின் வயலுக்குப் பச்சமுத்து மதகைத் திறந்துவிட்டார். மறுநாள் காலை அவரை வாசலுக்குக் கூப்பிட்டார்கள். கூட வந்த முனிரத்தினத்துக்கு ஒன்பது வயசு. ராஜாராம் ஒன்றும் கேட்கவில்லை. எழுந்து வந்து ஒரு அறை விட்டான். பச்சமுத்து கல் படிமேல் விழுந்து, நெற்றி பிளந்து, எழுந்து நின்றார். ஊர் ஆட்கள் பத்துப் பேர் நின்றுகொண்டிருந்தார்கள். அதில் இரண்டு பேர் முகம் சுளித்ததை ராஜாராம் பார்த்தான். சும்மா விளையாட்டுக்கு அடித்தேன்டா, சிரி, என்றான். ரத்தம் கண்ணுக்குள் இறங்க, பச்சமுத்து சிரித்தார். எல்லோரும் சிரித்தார்கள். அதற்குப் பிறகு பன்னிரண்டு வருஷம் உயிரோடு இருந்தார். மதகு திறந்தார், மகளைக் கட்டிக் கொடுத்தார், மகன் ஷூட்டிங்குக்குப் போவதைப் பார்த்தார். அந்த நாளைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னதில்லை.

இது செல்லாயிக்குத் தெரியும். கல்யாணமான முதல் வருஷம் முனிரத்தினம் ஒரே ஒருமுறை சொல்லியிருக்கிறார். சொல்லும்போது, அவர் எப்படிச் சிரித்தார் என்று கேட்டுவிட்டாள். முனிரத்தினம் சிரித்துக் காட்டினார். அந்த ஒரு நொடியில் எதிரே இருந்தது அவர் இல்லை. செல்லாயி அவர் வாயைக் கையால் பொத்தினாள். அந்தச் சிரிப்பை முனிரத்தினம் எந்தப் படத்திலும் சிரித்ததில்லை. எந்த டைரக்டருக்கும் அவரிடம் அப்படி ஒன்று இருப்பது தெரியாது.

ஞாயிற்றுக்கிழமை காலை சர்ச்சுக்குப் போகவில்லை. காலனியிலிருந்து இருபது பேரைக் கூட்டமாக நின்று நடிக்கக் கேட்டிருந்தார்கள், செல்லாயியும் போனாள். சினிமாவில் வரப்போகிறோம் என்று எல்லோரும் இருப்பதில் நல்ல சேலையாகக் கட்டிக்கொண்டு போயிருந்தார்கள். காஸ்ட்யூம் ஆள் வந்து பார்த்துவிட்டு, இப்படியா வருவார்கள் கூலிக்காரர்கள் என்று சலித்துக்கொண்டான். ஒரு டப்பில் டீத்தூள் காய்ச்சிய தண்ணீர் வைத்திருந்தான். துணிக்கு அழுக்கு ஏற்றுகிற தண்ணீர். ஜெனிஃபரின் ஈஸ்டர் சேலைமேல் ஒரு மக் தண்ணீரை வீசினான். "எங்கள மாரி இருக்கிறதுக்கு நாங்க போதாதா இவனுங்களுக்கு?" என்று ஜெனிஃபர் முணுமுணுத்தாள். செல்லாயி வீட்டுக்கு ஓடிப்போய் வேலைக்குக் கட்டுகிற சேலையை மாற்றிக்கொண்டு வந்தாள்.

முனிரத்தினத்துக்கு மனைவியாக நடிக்கிற பெண் சென்னையிலிருந்து வந்திருந்தாள். நல்ல சிவப்பு. கழுத்திலிருந்து கணுக்கால் வரை கறுப்புப் பூசி உட்கார்த்தியிருந்தார்கள். பிணத்தின்மேல் விழுந்து அழுவது அவள் வேலை. செல்லாயி அவளுக்கு நேர் பின்னால் நின்றாள். அம்மா நீங்க கொஞ்சம் பின்னாடி தள்ளிக்கோங்க, ஃப்ரேம்ல மறைக்குது என்று ஒருவன் வந்து தோளைத் தொட்டு நகர்த்தினான். செல்லாயி நகர்ந்தாள். அழச் சொன்னபோது அழவில்லை. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு, மறு கையால் தாலியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பொய்க்குக்கூட அழுதுவிடக் கூடாது, அது பலித்துவிடும் என்று பயம்.

மதிலுக்கு வெளியே ஷாரோன் நின்றிருந்தாள். அவளைக் கூட்டத்துக்குக் கூப்பிட்டார்கள், வரமாட்டேன் என்றுவிட்டாள்.

பண்ணையாராக நடித்தவர் தங்கமான மனுஷர். ஒவ்வொரு டேக்குக்கும் முன்னால் முனிரத்தினத்தின் கையைப் பிடித்து, மன்னிச்சிக்குங்கண்ணே என்று சொல்லிவிட்டுத்தான் உதைத்தார். முனிரத்தினம் படியிலிருந்து உருண்டு வாசலில் விழுந்தார். நாலு டேக். நாலாவதில் முழங்கை நிஜமாகவே பிய்ந்தது. பிறகு சிவப்புச் சாயத்தை நெற்றியில் ஊற்றிப் படுக்கவைத்தார்கள். சாயத்தில் சர்க்கரைப் பாகு இருக்கும், எறும்பு ஏறும். கண்ணோரத்தில் எறும்பு ஊர்ந்ததைச் செல்லாயி பார்த்தாள். அவர் அசையவில்லை. மேலே ட்ரோன் சுற்றியது. செல்லாயி மனசுக்குள் எண்ணினாள். அறுபது, எழுபது, எண்பது. நூறு தாண்டியது. இவ்வளவு நேரம் அவர் அடக்கியதே இல்லை. நூற்றுப் பன்னிரண்டில் டைரக்டர் கட் என்றார்.

முனிரத்தினம் எழுந்து உட்கார்ந்தார். வழக்கமாக அவரேதான் கேட்பார், சார் சிரிப்பு ஷாட் என்று. அன்றைக்குக் கேட்கவில்லை. நெற்றிச் சாயத்தைத் துண்டால் துடைத்தார். டைரக்டருக்கு வெளிச்சம் இருக்கும்போதே ஏரிக்கரைக்குப் போயாக வேண்டும், அவரும் மறந்துவிட்டார். ஆட்கள் ஸ்டாண்டுகளை மடக்க ஆரம்பித்தார்கள். செல்லாயி ஜெகனைத் தேடினாள். வாயைத் திறப்பதற்குள் படிமேலிருந்து குரல் வந்தது.

தினகரனின் தாய் கோவிந்தம்மாள் நின்றிருந்தாள். வீட்டைக் கொடுக்கும்போதே அவள் ஒரு நிபந்தனை போட்டிருந்தாள். என் வாசலில் சாவு எடுத்தால் செத்தவன் சிரித்துவிட்டுத்தான் எழுந்து போகவேண்டும். யாரோ சொல்லி அவளுக்கும் அந்த வழக்கம் தெரிந்திருந்தது. இப்போது சிரிக்காமல் எழுந்துவிட்டானே என்றாள். தினகரன் ஓடிவந்து காமிரா வண்டியை மறித்தான். பெண் சசிரேகாவுக்கு அடுத்த மாதம் இதே வாசலில் நிச்சயதார்த்தம், இங்கே ஒரு பிணம் கிடந்ததாக விட்டுவிட்டுப் போனால் எப்படி என்று சத்தம் போட்டான். அவன் குரலில் இருந்தது திமிர் இல்லை, பயம். அதைச் செல்லாயி கவனித்தாள். நாற்பத்தோரு சாவுக்கும் அவள் பட்ட அதே பயம்.

டைரக்டர் வாட்சைப் பார்த்தார். ஒரு நிமிஷ வேலைதானே, எடுங்கள் என்றார். காமிராவை மறுபடி வைத்தார்கள். முனிரத்தினத்தை அதே இடத்தில் உட்கார வைத்தார்கள். காமிரா ஓட ஆரம்பித்தது.

முனிரத்தினம் காமிராவைப் பார்த்தார். சிரிக்கவில்லை.

அண்ணே, சிரிங்கண்ணே என்றான் ஜெகன். அவர் பார்த்துக்கொண்டே இருந்தார். கூட்டத்தில் யாரோ இருமினார்கள். டைரக்டர், என்ன ஆயிற்று இவருக்கு என்று இங்கிலீஷில் கேட்டார். முனிரத்தினத்தைவிட ஐந்து வயது சின்னவனான தினகரன் கிட்டே வந்து குனிந்தான்.

"சிரிச்சிட்டுப் போயேன் முனி. உனக்கு இன்னா கொறஞ்சிடப் போவுது?"

அவர் அவனையும் பார்த்தார். கோவிந்தம்மாள் ஒரு படி இறங்கினாள்.

"சிரிடா முனி" என்றாள்.

அந்த வார்த்தை அதே வாசலில் மறுபடி விழுந்தது. கோவிந்தம்மாளுக்கு நினைவிருந்ததா என்று தெரியவில்லை. அன்றைக்கும் அவள் இந்த வீட்டில்தான் இருந்தாள். இவர்களுக்கு நினைவு இருக்கவேண்டிய அவசியம் என்ன? அடித்த வீடு மறந்துவிடும்.

முனிரத்தினம் எழுந்து நின்றார். உடம்பில் மண் ஒட்டியிருந்தது. சத்தம் போடவில்லை, கையைக் கூப்பவும் இல்லை. கோர்ட்டில் சொல்வதற்காக ஏரிக்கரையில் பழகிய அதே நிதானம்.

"எங்க நைனா இதே எடத்துல சிரிச்சாரும்மா. நான் பாத்தன்."

கோவிந்தம்மாள் கம்பத்தைப் பிடித்துக்கொண்டாள். வேடிக்கை பார்க்க வந்திருந்த ஊர்க்காரர்களில் வயதான இரண்டு பேர் தரையைப் பார்த்தார்கள். தினகரனுக்குப் புரிந்ததோ புரியவில்லையோ, அவன் சுற்றிலும் பார்த்து, கூட்டத்தில் செல்லாயியைக் கண்டுபிடித்தான். நேராக அவளிடம் வந்தான். அதுவரை அவன் அவளிடம் பேசியதே இல்லை. நீ சொல்லும்மா என்றான். நீ சொன்னால் கேட்பார், உன் தாலிக்கும் சேர்த்துத்தான் சொல்கிறேன் என்றான்.

அவன் சொன்னதில் பொய் இல்லை. அவள் சொன்னால் முனிரத்தினம் சிரிப்பார். இருபத்தைந்து வருஷத்தில் அவள் அவரிடம் கேட்டது அது ஒன்றைத்தான். நகை கேட்டதில்லை, பட்டணத்தில் வீடு கேட்டதில்லை. சிரித்தாயா என்று மட்டும்தான் கேட்டிருக்கிறாள். இப்போது அவர் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தார். நெற்றியில் சாயம் சரியாகத் துடைபடாமல், ஒரு கோடு கண்ணுக்குள் இறங்கிக்கொண்டிருந்தது. இந்த இடத்தில், இந்தக் கோலத்தில், சிரி என்று சொன்னால் அந்த முகத்தில் எந்தச் சிரிப்பு வரும் என்பது செல்லாயிக்குத் தெரியும். ஒரே ஒருமுறை பார்த்திருக்கிறாள். கையால் பொத்தியிருக்கிறாள்.

தாலியைப் பிடித்திருந்த கையை எடுத்தாள். கறுப்புப் பூசிய அந்தப் பெண்ணைத் தாண்டி முன்னால் வந்து, அவர் முழங்கையைப் பார்த்தாள். ரத்தம் நிஜமாகவே வந்துகொண்டிருந்தது.

"வாய்யா" என்றாள். "வூட்டுக்குப் போலாம்."

மதில் கதவைத் தாண்டும்போது யாரும் தடுக்கவில்லை. ஷாரோன் அப்பாவின் இன்னொரு பக்கம் வந்து நடந்தாள். மூன்று பேரும் ஏரிக்கரை ஏறினார்கள். கரைமேல் வந்ததும் ஷாரோன், காமிரா ஓடிக்கினேதான் இருந்துச்சுப்பா, அதான் உன் பெஸ்ட் ஷாட்டு, ஆனா படத்துல வராது என்றாள். முனிரத்தினம், சிரிப்பு ஷாட்டு என்னைக்குமே வராதும்மா என்றார்.

ஏரிக்கரை சீனுக்கு அவரைக் கூப்பிடவில்லை. மீதி இருந்த இரண்டு நாள் வேலைக்கும் கூப்பிடவில்லை. ஜெகன் போனில் மன்னிப்புக் கேட்டான், இனிமேல் அந்த கம்பெனியில் கஷ்டம்தான் அண்ணே என்றான். முனிரத்தினம் அவனைச் சமாதானம் செய்தார்.

செல்லாயிக்குப் பயம் போகவில்லை. போய்விட்டது என்று சொன்னால் அது பொய். சர்ச்சில் முழங்கால் போட்டு எழுந்தவள் மறுபடி முழங்கால் போட்டாள். விடியற்காலையில் எழுந்ததும் முதல் வேலையாக அவர் மூக்கருகில் கைவைத்துப் பார்த்தாள். சூடாகக் காற்று வந்தால்தான் அடுப்பைப் பற்றவைத்தாள். அவர் பைக் எடுத்தால் வாசலில் நின்றாள், தண்ணீர் மோட்டார் போடப் போனால் கூடவே போனாள். முதல் இரண்டு நாள் முனிரத்தினம் பொறுத்துக்கொண்டார். மூன்றாவது நாள், வேணும்னா இப்போ சிரிக்கட்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்றாள். எனக்காகச் சிரிக்க வேண்டாம், அது வரும்போது வரட்டும். இந்தப் பயம் என்னோடது, நான் வைத்துக்கொள்கிறேன் என்று சொல்ல நினைத்தாள். அப்படியெல்லாம் பேசிப் பழக்கமில்லை. "நாஷ்டா ஆறுது, துன்னு" என்றாள்.

அடுத்த வாரம் ஒரு சீரியலில் வாட்ச்மேன் வேஷம் வந்தது. ஒரு நாள் வேலை, கேட்டைத் திறந்து மூடவேண்டும். சாவு இல்லை. விடிகாலை பஸ் பிடித்துச் செங்கல்பட்டு வழியாகச் சென்னைக்குப் போனார். செல்லாயி நூறு நாள் வேலைக்குப் போனாள்.

பத்து மணி இருக்கும். ஏரிக்கு அந்தப் பக்கம் தினகரன் வீட்டு மதிலுக்கு மேலே புகை கிளம்பியது. நெல் அறுத்து வைக்கோலும் ஏற்றியாயிற்று, எரிக்க ஒன்றும் இல்லை. யாருக்காவது ஏதாவது ஆகிவிட்டதா என்று செல்லாயி நிமிர்ந்து பார்த்தாள். ஜெனிஃபருக்கு விவரம் தெரிந்திருந்தது. அவள் நாத்தனார் ஊர்த் தெருவில் பால் ஊற்றுகிறாள்.

வாசலில் சாவுத் தீட்டுக் கழிக்க ஹோமம் நடக்கிறதாம். உத்திரமேரூரிலிருந்து ஐயர் வந்திருக்கிறாராம். விடியற்காலையிலேயே வாசல் பூராவும் மஞ்சள் தண்ணீரும் கோமியமும் ஊற்றிக் கழுவி, பூசணிக்காய் உடைத்தாயிற்றாம். ஐயர் உட்கார்ந்து, செத்தவர் பேர் என்ன என்று கேட்டாராம். முனிரத்தினம் என்று சொன்னார்களாம். எப்போது தவறினார் என்று கேட்டாராம். தவறவில்லை, வாட்ச்மேன் வேலைக்குச் சென்னை போயிருக்கிறார் என்று சொன்னார்களாம்.

"ஐயரு நெய்க் கரண்டிய கீழ வச்சிட்டாராம்டி" என்றாள் ஜெனிஃபர். "உசுரோட கீற ஆளுக்கு எந்த மந்திரம் சொல்றதுன்னு புஸ்தகத்த பொரட்டிக்கினு கீறாராம்."

யாரோ ஒருத்தி முதலில் சிரித்தாள். பிறகு வரிசை முழுக்கப் பரவியது. பச்சமுத்து முங்கிச் சேறு வாரிய அதே மதகுக்கு நேரே, முழங்கால் சேற்றில் நின்றுகொண்டு பதினாறு பெண்கள் சிரித்தார்கள். செல்லாயி சிரிக்காமல் நின்றாள். புகையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். காலனிக்காரன் ஒருவன் அந்த வாசலில் ஒரு அறை வாங்கி, ரத்தம் சிந்தி எழுந்து போனபோது யாரும் ஒரு சொம்பு தண்ணீர் ஊற்றிக் கழுவவில்லை. அவன் மகன் சாகாத சாவுக்கு நெய் ஊற்றி எரிக்கிறார்கள். அவர் இந்நேரம் காக்கிச் சட்டை போட்டுக்கொண்டு எவன் வீட்டுக் கேட்டையோ திறந்து மூடிக்கொண்டிருப்பார்.

வயிற்றுக்குள் என்னவோ இளகியது. அழுகை என்றுதான் முதலில் நினைத்தாள். வாயைத் திறந்தபோது வேறு வந்தது. கூடையைக் கீழே போட்டுவிட்டு, இடுப்பைப் பிடித்துக்கொண்டு, மூச்சு முட்டும் வரைக்கும் சிரித்தாள். ஜெனிஃபர் பயந்துபோய் முதுகைத் தடவினாள்.

அடங்கியதும் கரையேறினாள். சேற்றுக் கையை முந்தானையில் துடைத்துவிட்டு, சுருக்குப் பையிலிருந்து போனை எடுத்தாள். இருபத்தைந்து வருஷத்தில் அவர் ஷூட்டிங்கில் இருக்கும்போது அவளாகக் கூப்பிட்டதில்லை. இரண்டு தடவை அடித்து நின்றது. மூன்றாவது தடவை எடுத்தார். பின்னால் யாரோ சைலன்ஸ், சைலன்ஸ் என்று கத்திக்கொண்டிருந்தார்கள்.

இன்னா ஆச்சு, யாருக்கு இன்னா என்றார். குரலில் அவ்வளவு பதற்றத்தை அவள் கேட்டதே இல்லை.

"ஒண்ணும் இல்ல" என்றாள் செல்லாயி. "நான் சிரிச்சிட்டன்."

அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் மூச்சுச் சத்தம்கூட இல்லை. அவள் எண்ண ஆரம்பித்தாள். ஏழு எண்ணுவதற்குள் அவர் மூச்சுவிட்டார்.

"சரி" என்றார்.